விலக்கப்பட்டவர் பத்தி

9-10-74, புதன்

காலையிலிருந்து தூறல். பதிவு அலுவலக வாசலில் சேறு. பத்திரம் எழுதும் மேஜைக்கு அடியில் செங்கல் வைத்துதான் உட்கார முடிந்தது.

இன்று சவரியம்மாள் உயில் பதிவாயிற்று. ரிட்டயரான மிட்வைஃப். இந்த ஊரில் பாதிப் பேர் அந்த அம்மாள் கையில் பிறந்தவர்கள், என் இரண்டாவது பெண் உள்பட. குழந்தை இல்லை, புருஷன் போய்ச் சேர்ந்தாயிற்று. கோவில் தெருவில், மாதா கோவிலுக்குப் பின்னால், சொந்தச் சம்பாத்தியத்தில் வாங்கிய ஓட்டு வீடு. ரோடு வரைக்கும் காலி மனை. தொழிற்பேட்டை வந்தபிறகு ரோட்டோர மனை என்றால் ஆளாளுக்கு நாக்கில் எச்சில்.

எல்லாம் ரோஸிக்கு. ரோஸி உறவு இல்லை. பின்கட்டில் குடியிருக்கிறவள். கிழவிக்குச் சமைத்துப் போட்டு, குளிப்பாட்டி, கால் வீக்கத்துக்கு எண்ணெய் தேய்த்து, எல்லாம் அவள்தான். புருஷன் அந்தோணி பேட்டையில் இரும்புப் பட்டறையில் ஹெல்பர்.

நேரே வாரிசு என்று பார்த்தால் தம்பி பிள்ளைகள் இரண்டு பேர், பெரம்பூரில். பீட்டர், ஜேம்ஸ். அவர்களுக்குத்தான் என் விசேஷப் பத்தி. அடித்துத் திருத்தி அழகாக வந்தது. இங்கேயும் எழுதி வைக்கிறேன்:

“எனது இளைய சகோதரன் காலஞ்சென்ற மரியதாஸின் குமாரர்களாகிய மேற்படி இருவரும், எனது முதுமையிலும் நோயிலும் என்னை ஏறெடுத்தும் பாராதவர்களாகையால், எனது ஸ்தாவர ஜங்கமச் சொத்துக்களில் எள்ளளவும் பாத்தியதை கொண்டாடத் தகுதியற்ற, விலக்கப்பட்டவர்கள் ஆவார்கள்.”

படித்துக் காட்டினேன். கிழவி இரண்டாம் முறை படிக்கச் சொன்னாள். “நல்லா கீது ஐயரே” என்றாள். நான் ஐயங்கார் என்று எத்தனை தரம் சொன்னாலும் அவளுக்கு ஐயர்தான்.

கடைசியில் ஒரு சின்னத் தடங்கல். ஒரு சாட்சி ஸ்டாம்ப் வெண்டர் கோவிந்தன். வழக்கமாக இன்னொரு சாட்சி போடும் டீக்கடை நாயர் ஊருக்குப் போய்விட்டார். பதிவாளர் சாப்பாட்டுக்கு எழுந்துவிடுவார் போல இருந்தது. கிழவியை வண்டியில் வைத்துக் கூட்டி வந்திருந்த அந்தோணி வாசலில் நின்றான். நீயே போடுப்பா என்றேன். தயங்கினான். போடு, ஒன்றும் ஆகாது என்றேன். சட்டையில் கையைத் துடைத்துவிட்டு நிறுத்தி நிதானமாக எழுதினான்.

மத்தியானம் மோர் சாதம். கெரசின் க்யூவில் கமலா இரண்டு மணி நேரம் நின்று வெறும் கையோடு வந்தாள். அவளிடம் பத்தியைப் படித்துக் காட்டினேன். கெரசின் இல்லாத கோபத்தில் கேட்கவே இல்லை.

11-10-74, வெள்ளி

வெயில். ரோஸி வந்து ஒரு கூடை வாழைக்காய் வைத்துவிட்டுப் போனாள், கிழவி வீட்டுத் தோட்டத்தில் காய்த்தது. ஐயருக்கு மீன் கொடுக்க முடியாதே என்று கிழவி சொன்னாளாம். சிரிப்பு. இனி மூன்று நாளைக்குக் கமலா கையால் வாழைக்காய்க் கறிதான்.

நாளை புரட்டாசி சனி. செவ்வாயன்று மஹாளய அமாவாசை, திருவள்ளூர் போக வேண்டும். அண்ணாவுக்குக் கார்டு போட்டாயிற்று.

15-10-74, செவ்வாய். திருவள்ளூர்

பேசின்பிரிட்ஜில் வண்டி மாறி வந்து சேர ஒன்பது. குளத்தில் கால் வைக்க இடமில்லை. ஜனங்கள் வேண்டுதலுக்காக வெல்லத்தைத் தண்ணீரில் போட்டுக்கொண்டே இருக்கிறார்கள். தர்ப்பணம் முடிந்தது. அண்ணா கோவில் கைங்கர்யத்துக்கு ஓடிவிட்டார். அவர் வீட்டிலேயே சாப்பாடு.

இதற்குமேல் எழுதப் பிடிக்கவில்லை. ஆனாலும் எழுதிவிடுகிறேன்.

சாப்பிட்டபின் பக்கத்து வீட்டு வரதன் வக்கீல் வந்தார். முன்சீப் கோர்ட்டில் நல்ல பெயர். எனக்கு வாய் சும்மா இருக்குமா. உயிலைப் பற்றி ஆரம்பித்தேன், பத்தியை மனப்பாடமாக ஒப்பித்தேன். எள்ளளவும் என்ற இடத்தில் அவர் தலையை ஆட்டினார். எனக்குக் குளிர்ந்துவிட்டது. நிறுத்தியிருக்கலாம். சாட்சி கிடைக்காமல் திண்டாடி அந்தோணியைப் பிடித்துப் போட்ட கதையையும் சாமர்த்தியமாகச் சொன்னேன்.

அவர் வெற்றிலை மடிப்பதை நிறுத்திவிட்டுக் கேட்டார், சொத்து யாருக்கு என்று. ரோஸிக்கு. அந்தோணி யார்? ரோஸி ஆம்படையான். அவர்கள் கிறிஸ்தவாளா? ஆமாம்.

“போச்சு ஓய்” என்றார்.

அவர் சொன்னதை அப்படியே எழுத முயல்கிறேன். வாரிசுரிமைச் சட்டத்தில் ஒரு பிரிவு. உயிலில் சொத்து வாங்குகிறவரோ, வாங்குகிறவரின் கணவனோ மனைவியோ, சாட்சிக் கையெழுத்துப் போட்டால், உயில் நிற்கும். அவர்களுக்குக் கொடுத்தது மட்டும் விழுந்துவிடும். அந்தப் பிரிவு இந்துக்களுக்குக் கிடையாது. அதனால்தான் எனக்கு இத்தனை வருஷமும் தெரியாமல் ஓடியிருக்கிறது. மாப்பிள்ளை, சம்பந்தி, கொழுந்தன், வாசலில் நிற்கிற யாரை வேண்டுமானாலும் கூப்பிட்டுக் கையெழுத்து வாங்கியே பழக்கம். அந்தப் பழக்கத்தில் அந்தோணியையும் கூப்பிட்டேன்.

சரி, ரோஸிக்கு இல்லை என்றே வைத்துக்கொண்டாலும், தம்பி பிள்ளைகளைத்தான் விலக்கியிருக்கிறதே என்றேன். என் பத்தி இருக்கிறதே என்ற தைரியம். வரதன் சிரிக்கவில்லை, அதுதான் இன்னும் கஷ்டமாக இருந்தது.

“விலக்கினேன்னு எழுதினா மட்டும் ஒருத்தன் விலகிட மாட்டான். சொத்தை வேற ஒரு கை வாங்கிக்கணும். அப்போதான் இவன் விலகறான். வாங்கற கை இல்லேன்னா உயிலே எழுதாத மாதிரிதான், சட்டம் நேரா ரத்த பந்தத்தைத் தேடிண்டு போயிடும்.”

ஆக, பீட்டரும் ஜேம்ஸும் என் பத்தியைத் தாண்டி நடுக்கூடத்துக்கு வந்துவிடுவார்கள். விலக்கப்பட்டவள் ரோஸி. இருபது வருஷமாக எழுதுகிற வார்த்தை. யாரை விலக்க வேண்டும் என்று கிழவி வாயால் சொன்னாளோ அவர்களுக்கு அது வெறும் வசவு. பேரே எழுதாமல், நல்ல எண்ணத்தோடு நான் விலக்கியது அவளை.

கிழவி உயிரோடுதானே இருக்கிறாள், வேறு சாட்சி வைத்து இன்னொன்று எழுதிவிடும், அரை மணி வேலை என்றார் வரதன். அரை மணி வேலைதான்.

16-10-74, புதன்

ஊர் திரும்பினேன். வண்டியில் தூங்கவில்லை. புது உயில் மாதிரி எழுதி வைத்தேன். சாட்சிகள்: கோவிந்தன், நாயர். நாயர் திரும்பி வந்துவிட்டார்.

நாளை கிழவி வீட்டுக்குப் போக வேண்டியது.

என்ன சொல்வது? இப்படி ஒரு தப்பு நடந்துவிட்டது என்று நேராகச் சொல்வதா? கும்மிடிப்பூண்டியில் உயில் என்றால் சேஷாத்ரி என்று பெயர். பக்கத்து மேஜைக்காரனுக்குத் தெரிந்தால் ஒரு மாதத்துக்கு டீயோடு சேர்த்துக் குடிப்பான்.

18-10-74, வெள்ளி

நேற்றும் போகவில்லை. இன்றும் இல்லை. பேட்டையில் புதிதாக ஒரு தொழிற்சாலைக்கு நிலம் கிரயம், ஒரே நாளில் ஏழெட்டுப் பத்திரம். ஆந்திராப் பக்கத்திலிருந்து நிலம் விற்க வந்த ரைத்துகள் எல்லாரும் நைனா நைனா என்று மேஜையைச் சுற்றி. கை ஓய்ந்துவிட்டது.

வேலை இருந்தது உண்மை. சாயங்காலம் நாலரைக்கு வேலை முடிந்ததும் உண்மை. கோவில் தெரு நடந்து போகிற தூரம். எனக்கே எழுதும்போது வெட்கமாக இருக்கிறது.

பலசரக்கு: துவரம்பருப்பு ½, புளி, ஊதுவத்தி, பெண் வசந்தாவுக்குப் பென்சில்.

22-10-74, செவ்வாய்

புயல் சின்னமாம். மழை கொட்டுகிறது. பழவேற்காடு பஸ் நின்றுவிட்டதாக நாயர் சொன்னார். வெளியே போக முடியாது. போக முடியாததில் எனக்கு ஒரு நிம்மதி. என்னைப் பற்றி இது எனக்குத் தெரியவேண்டிய விஷயம்தான்.

கமலா கேட்டாள், ஏன் பிடித்து வைத்த பிள்ளையார் மாதிரி இருக்கிறீர்கள் என்று. பித்தம் என்றேன். சுக்குக் கஷாயம் வைத்தாள். குடித்தேன்.

24-10-74, வியாழன்

போனேன்.

மழை விட்டு வெயில். கிழவி முன்னறைக் கட்டிலில், கால் வீக்கம் முழங்காலுக்கு ஏறியிருக்கிறது. ரோஸி தரையில் உட்கார்ந்து அரிசி பொறுக்கிக்கொண்டிருந்தாள். அந்தோணிக்கு ராத்திரி ஷிப்ட், வாசலில் சைக்கிளைக் கவிழ்த்துப் போட்டு செயினுக்கு எண்ணெய் விட்டுக்கொண்டிருந்தான். என்னைப் பார்த்ததும் எழுந்து நின்றான்.

ஒரு சின்னத் திருத்தம் வந்திருக்கிறது, புதிதாக எழுதி இன்னொரு கையெழுத்துப் போடவேண்டும் என்றேன். கிழவி என்ன திருத்தம் என்றாள். சட்ட விஷயம் என்றேன். கிழவி என்னையே பார்த்தாள். பிரசவம் பார்த்த கண், பொய் உள்ளே இருந்தால் அதற்குத் தெரிந்துவிடும் போல.

“ஞாயித்துக்கெழம பீட்டரு வந்தான். ஆப்பிளு வாங்கினு வந்தான். இத்தினி வருசத்துல ஒரு வாயப்பயம் வாங்கியாந்தவன் இல்ல. அவன் போயி நாலு நாளு ஆவல, இப்ப நீ வந்துகினுகீற. நெசத்த சொல்லு ஐயரே, அவனுங்க உன்னாண்ட வந்தானுங்களா?”

இல்லவே இல்லை என்றேன். அப்புறம் எதுக்கு என்றாள்.

அந்த இடத்தில் சொல்லியிருக்க வேண்டும். நான் தப்புப் பண்ணிவிட்டேன் அம்மா, இந்தப் பையன் சாட்சி போட்டிருக்கக் கூடாது, நான்தான் போடச் சொன்னேன். வாய் வரைக்கும் வந்தது. ரோஸி காபியோடு வந்து நின்றாள், சார் குடிங்க என்றாள். அந்தோணி வாசற்படியில் நின்று கேட்டுக்கொண்டிருந்தான். இவர்கள் முன்னால் எப்படி என்று ஒரு நினைப்பு. எல்லாம் ஒரு பாதுகாப்புக்குத்தான் என்று சொன்னேன். யாருடைய பாதுகாப்பு என்று அவள் கேட்கவில்லை.

கிழவி சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துவிட்டாள்.

“ஒரு தபா போட்டாச்சி. செத்தாலும் மாத்த மாட்டேன். நீ போ.”

காபி நன்றாக இருந்தது. முழுக்கக் குடித்துவிட்டுத்தான் வந்தேன். அந்தோணி தெருமுனை வரை வந்து, கிழவிக்கு உடம்பு முடியாததால் அப்படிப் பேசுகிறது, மனசில் வைத்துக்கொள்ளாதீர்கள் என்று எனக்குச் சமாதானம் சொன்னான்.

25-10-74, வெள்ளி

அவள்தான் மாட்டேன் என்றுவிட்டாளே, நான் என்ன செய்யமுடியும் என்று காலையிலிருந்து சொல்லிப் பார்க்கிறேன். ஒட்டமாட்டேன் என்கிறது.

ரோஸியைத் தனியாகக் கூப்பிட்டுச் சொல்லலாமா? அவள் சொன்னால் கிழவி கேட்பாள். ஆனால் ரோஸிக்குச் சொன்னால் ஊருக்குச் சொன்ன மாதிரி. பாதிரியாரிடம் சொல்லலாம், அவர் சொன்னால் கிழவி தட்டமாட்டாள். விசாரித்தேன், பாதிரியார் மாதக் கடைசி வரை ஊரில் இல்லை. அதிலும் ஒரு நிம்மதி. சீ.

2-11-74, சனி

கல்லறைத் திருநாள். காலையில் பனி. பாதிரியார் வந்துவிட்டார் என்று தெரிந்து, புது உயில் தாளைப் பையில் வைத்துக்கொண்டு கிளம்பினேன். கையில் இங்க் பேடும்.

கல்லறைத் தோட்டம் முழுக்க ஜனம். சாமந்தி, மெழுகுவத்தி, ஊதுவத்திப் புகை. ரோஸியும் அந்தோணியும் கிழவியை ஒரு மர நாற்காலியில் வைத்துத் தூக்கிக்கொண்டு வந்திருந்தார்கள், ஆளுக்கு ஒரு பக்கம். புருஷன் கல்லறைக்கு முன்னால் இறக்கினார்கள். ரோஸி களை பிடுங்கிச் சுண்ணாம்பு அடித்த கல்லைத் துடைத்தாள். கிழவியின் மெழுகுவத்தி காற்றில் அணைந்து அணைந்து போயிற்று. அந்தோணி குத்துக்காலிட்டு இரண்டு கையாலும் மறைத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டான்.

பாதிரியார் ஒவ்வொரு கல்லறையாக மந்திரித்துக்கொண்டு வந்தார். அவரிடம் பேச ஒரு நிமிஷம் போதும். நான் வேலிக்கு வெளியே நின்றேன். கிழவி என்னைப் பார்த்தாள். பார்த்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டாள். அது எனக்குப் போதுமானதாக இருந்தது. இன்றைக்கு வேண்டாம், திருநாளும் அதுவுமாக என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டு திரும்பிவிட்டேன்.

கமலாவிடம் சொன்னேன். எல்லாவற்றையும். அவள் கேட்டுவிட்டு, நாளைக்கே போய்ச் சொல்லிவிடுங்கோ, சொன்னால் என்ன, உங்களைத் தின்றுவிடுவார்களா என்றாள். தீபாவளி கழித்துப் போகிறேன் என்றேன். அவள் எழுந்து அடுக்களைக்குப் போய்விட்டாள்.

11-11-74, திங்கள்

தீபாவளித் துணி எடுக்க டி.நகர் போவதாக இருந்தது. போகவில்லை.

காலை பதினோரு மணிக்கு கோவிந்தன் சொன்னான், சவரியம்மாளுக்கு நேற்றிலிருந்து நினைவு இல்லை, பொன்னேரி ஆஸ்பத்திரியில் சேர்த்திருக்கிறார்கள் என்று. அரை நாள் மேஜையை மூடிவிட்டு ஓடினேன். பையை எடுத்துக்கொண்டு ஓடினேன், அதையும் எழுத வேண்டும்.

பெண்கள் வார்டில் கடைசிக் கட்டில். மூச்சு மட்டும் சத்தமாக. ரோஸி காலடியில் ஸ்டூலில். கண் சிவந்திருந்தது. என்னைப் பார்த்ததும் எழுந்து ஸ்டூலைக் கொடுத்தாள். எப்போதிலிருந்து இப்படி என்று கேட்டேன். வெள்ளிக்கிழமையே தலை சுற்றுகிறது என்றதாம். அதற்குப் பிறகு ரோஸி சொன்னது:

“நீங்க அன்னிக்கி வந்துட்டுப் போனதுலேந்து பொலம்பிக்கினே கெடந்துது சார். ஐயரையும் வெலைக்கி வாங்கிட்டானுங்களேன்னு. நான் சொன்னேன், சார் அப்டி ஆளு இல்ல, நீ சும்மா இருன்னு. கேக்கல.”

அவள் அதை ஒரு குற்றமாகச் சொல்லவில்லை. கிழவி சார்பில் மன்னிப்புக் கேட்கிற மாதிரி சொன்னாள்.

கூஜாவை எடுத்துக்கொண்டு தண்ணீர் பிடிக்கப் போனாள். குழாய் கட்டிடத்துக்கு வெளியே. நான் பையைத் திறந்தேன். தாளை எடுத்தேன். இங்க் பேடைத் திறந்தேன். கிழவியின் வலது கை போர்வைக்கு வெளியே கிடந்தது. பிடித்தேன். நல்ல சூடு. கட்டைவிரலில் வெற்றிலைக் கறை. சாட்சிக்குக் கோவிந்தன் கண்ணை மூடிக்கொண்டு போடுவான், நாயரும் போடுவார், நான் சொன்னால். யாருக்கும் தெரியாது. நியாயப்படி அவள் விரும்பியதுதானே.

வைத்துவிட்டேன், கையைப் போர்வைக்குள். தர்மத்துக்காக இல்லை. எப்போதும் கையெழுத்துப் போடுகிறவள், சாகும் நேரத்தில் ரேகை வைத்தால் எந்தக் கோர்ட்டும் கேள்வி கேட்கும், ஜெயில் எனக்குத்தான் என்று கணக்குப் போட்டேன். நல்லது செய்யாததும் பயத்தால், கெட்டது செய்யாததும் பயத்தால்.

ரோஸி வந்தாள். என் விரலில் மை ஒட்டியிருந்ததைப் பார்த்து, ஈரத்துணி கொடுத்தாள்.

14-11-74, வியாழன்

நேற்று ராத்திரி கிழவிக்கு உயிர் போய்விட்டதாம். ஊரெல்லாம் வெடிச் சத்தம்.

மாலை அடக்கம். நான் போனேன். மழைத் தண்ணீர் நின்ற குழி, வாளியால் இறைத்துவிட்டு இறக்கினார்கள். பீட்டரும் ஜேம்ஸும் பெரம்பூரிலிருந்து டாக்சியில் வந்து, அத்தை அத்தை என்று எல்லாரையும்விடச் சத்தமாக அழுதார்கள். ரோஸி அழவில்லை. கிழவியின் கண்ணாடியைக் கையில் வைத்துக்கொண்டு, பெட்டிக்குள் வைக்கலாமா கூடாதா என்று யார் யாரையோ கேட்டுக்கொண்டிருந்தாள்.

அந்தோணி பெட்டி தூக்கினவர்களில் ஒருவன். சேற்றில் வழுக்காமல் மெதுவாக வந்தான். திரும்பும்போது என்னிடம் வந்து, உயிலை எப்போ எடுத்துக் காட்ட வேண்டும் சார் என்று கேட்டான். பார்க்கலாம் என்றேன்.

பார்க்கலாம்.

20-11-74, புதன்

நல்ல வெயில். வடாம் போட ஏற்ற நாள் என்று கமலா.

பீட்டர் மேஜைக்கு வந்தான். வெள்ளைச் சட்டை, ஜோபியில் கறுப்புத் துணித் துண்டு குத்தி. நாற்காலியில் உட்கார்ந்து, ரோட்டோர மனையை ஒரு தொழிற்சாலைக்காரருக்குக் கொடுக்கப் போகிறோம், அக்ரிமெண்ட் நீங்களே எழுதுங்கள் என்றான். உயில் இருக்கிறதே என்றேன், குரல் எனக்கே கேட்கவில்லை. எங்க வக்கீல் நகல் எடுத்துப் பார்த்துவிட்டார், சாட்சியைப் பார்த்ததும் சிரித்துவிட்டார் என்றான்.

“எங்கள அசிங்கமா எழுதிகீறீங்க. பரவால்ல, அத்தை சொல்லி எழுதினது, உங்க மேல கோவம் இல்ல. ஒரு விதத்துல உங்களாலதான் எங்களுக்குக் கெடச்சிது.”

எழுத மாட்டேன் என்றேன். ஏன் என்றான். மாட்டேன் என்றேன். எழுந்து பக்கத்து மேஜைக்குப் போனான். மத்தியானத்துக்குள் எழுதி முடித்துவிட்டார்கள். என் வீராப்புக்கு அவ்வளவுதான் மதிப்பு.

சாயங்காலம் அந்தப் பழைய நகலை எடுத்துப் படித்தேன். எள்ளளவும். எவ்வளவு அழகாக எழுதியிருக்கிறேன்.

27-11-74, புதன்

மேகமூட்டம். மூன்று பத்திரம், ஒரு அடமான ரசீது.

நாலு மணிக்கு ரோஸி வந்தாள். தனியாக. வீட்டைக் காலி பண்ணச் சொல்லிவிட்டார்களாம், மாதக் கடைசிக்குள். அத்திப்பட்டில் தங்கை வீடு இருக்கிறது, அங்கே போகிறார்களாம். அதைச் சொல்ல அவள் வரவில்லை. பீட்டர் சொன்னது நிஜமா என்று கேட்க வந்தாள். உன் புருஷன் கையெழுத்துப் போட்டதால்தான் உனக்கு வீடு போயிற்று என்றானாம். அன்று ராத்திரி அவள் அந்தோணியை வாய்க்கு வந்தபடி பேசியிருக்கிறாள். அவன் அதற்குப் பிறகு வீட்டில் சாப்பிடுவதில்லை. பட்டறையிலேயே பன்னும் டீயும். அவளோடு முகம் கொடுத்துப் பேசுவதில்லை, பேச அவனுக்கு வாயே இல்லை என்கிறாள்.

சொன்னேன். கடைசியில் சொன்னேன். அவன் போட்டது தப்பில்லை, போடச் சொன்னது நான். சட்டம் எனக்குத் தெரிந்திருக்க வேண்டும், தெரியவில்லை. தெரிந்தபிறகு அம்மாள் உயிரோடு இருந்தாள். அதையும் சொன்னேன். மேஜையைப் பார்த்துக்கொண்டேதான் சொன்னேன்.

அவள் கேட்டாள்.

“அப்போ அன்னிக்கி ஊட்டுக்கு வந்தீங்களே சார், இத்த சொல்லத்தான் வந்தீங்களா?”

ஆமாம் என்றேன்.

“சொல்லியிருந்தா போட்டிருக்குமே சார். ஒங்கள நாலு திட்டு திட்டிட்டு, இன்னா, பத்து தபா வேணாலும் போட்டிருக்கும். அதுக்கு ஒங்கள பிடிக்கும்.”

மன்னித்துக்கொள் என்று சொல்ல நினைத்தேன், எனக்கு அந்த வார்த்தை வரவில்லை. அவள் முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு எழுந்தாள். நேரே பட்டறைக்குப் போகிறேன், அவர் மேல் தப்பில்லை என்று சொல்லவேண்டும் என்றாள். நானும் கூட வருகிறேன், நானே அவனிடம் சொல்கிறேன் என்றேன்.

“வேணாம் சார். நீங்க வந்து நின்னா அவரு பரவால்ல சார்னு சொல்லிடுவாரு. அத்த என்னால கேக்க முடியாது.”

போய்விட்டாள்.